அண்ணாந்து குடித்த ஒரு வாய்த் தண்ணீர்

1

எங்கள் முப்பதாவது கலியாண நாளுக்கு மகள் அபிரா ஒரு நடை வாங்கித் தந்தாள். நடையை யாராவது வாங்குவார்களா என்று நீங்கள் அங்கே ஊரில் இருந்து சிரிப்பீர்கள். இங்கே வாங்கலாம். ரொறொன்ரோ நகரின் நடுவே ஒரு ஜப்பானியப் பெண்மணி ஆட்களைச் சேர்த்துக்கொண்டு தெருத் தெருவாகப் போவார். நாலு கடைகளில் நிறுத்துவார். ஒவ்வொன்றிலும் அவர்கள் ஊர்ச் சாப்பாட்டில் ஒரு வாய், குடிவகையில் ஒரு வாய், இடையிடையே கதை. வோபர்னில் தையல்கடை வைத்திருக்கும் என் சிநேகிதி ரஞ்சி இதைக் கேட்டுவிட்டு, “உதைத்தானே நாங்கள் கலியாண வீடு, செத்த வீடு எண்டு காசில்லாமல் செய்யிறம்” என்றாள். ரஞ்சி சொல்வதை எல்லாம் நான் சேலைத் தலைப்பில் முடிந்து வைப்பதுபோல மனதில் முடிந்து வைக்கிறவள். நான் படித்துப் பட்டம் பெற்றவள் இல்லை. சனம் கதைப்பதைக் கேட்டுக் கேட்டு எழுத வந்தவள்.

நடை ஒரு சனிக்கிழமை. ஆனால் எங்கள் வீட்டில் எல்லாரும் பார்த்துக்கொண்டிருந்தது அதற்கடுத்த திங்கட்கிழமையை. அன்றைக்குப் பேரன் நிலன் வரப்போகிறான்.

நிலனுக்கு இன்னும் ஒரு வயது ஆகவில்லை. அபிராவின் பிள்ளைப்பேற்று விடுப்பு முடிகிறது. பிள்ளை வயிற்றில் இருக்கும்போதே, பகலில் பிள்ளைகளைப் பார்க்கிற டேகெயாரில் பதிந்துவிட்டாள். பெயர் வைக்காத பிள்ளையை எப்படிப் பதிவது என்று கேட்காதீர்கள், ‘பேபி’ என்று பதிவார்களாம். போன் எடுத்தால் ஒரு பெண்குரல், தேனில் தோய்த்தது போல, உங்கள் பிள்ளை வரிசையில் இருக்கிறான் என்று சொல்லும். “வரிசையிலை நிண்டே பெடியனுக்குப் பல்லு முளைச்சிட்டுது” என்றார் இவர். இவர் என்றால் என் வீட்டுக்காரர், நேசன்.

ஒருநாள் அபிரா எங்கள் மல்வேர்ன் வீட்டுக்கு வந்தாள். கோட்டைக் கழற்றாமலே கதிரையில் இருந்தாள். தகப்பனைப் பார்த்துச் சொன்னாள்:

“அப்பா, நீங்கள் நிலனைப் பாக்கலாம். வீக் டேய்ஸ். பட் ஒரு ட்ரொப் கூட... யூ நோ. ஒரு ட்ரொப் எண்டாலும் அதோட முடிஞ்சுது. நான் கத்த மாட்டன். கூட்டிக்கொண்டு போயிடுவன், அவ்வளவுதான்.”

“ஓம் பிள்ளை,” என்றார் இவர்.

அதற்குப் பிறகு இந்த மனிதர் செய்த வேலைகளைச் சொன்னால் சிரிப்பீர்கள். படிக்கட்டின் மேலேயும் கீழேயும் சின்னக் கதவு பூட்டினார். சமூக நிலையத்தில் குழந்தைகளுக்கான முதலுதவி வகுப்புக்குப் போனார். அங்கே ஒரு ரப்பர் பிள்ளையைக் கொடுத்து நெஞ்சை இரண்டு விரலால் அமத்தச் சொன்னார்களாம். எல்லாரும் அமத்திவிட்டுக் கீழே வைத்தார்களாம். இவர் மட்டும் அந்த ரப்பர் பிள்ளையை வகுப்பு முடியும்வரை தோளில் போட்டுக்கொண்டு நின்றாராம். இதைச் சொல்லும்போது தானே வெட்கப்பட்டார்.

2

இவர் குடித்த காலத்தை நான் விரித்து எழுதப்போவதில்லை. ஒன்று சொன்னால் போதும். அபிராவுக்கு ஏழு வயது. பள்ளிக்கூடத்திலிருந்து கூட்டிவர வேண்டியவர் இவர். பனி கொட்டுகிறது. பூட்டிய கதவுக்கு முன்னால் பிள்ளை இருட்டும்வரை நின்றது. கடைசியில் பள்ளிக்கூடத்தைக் கூட்டித் துடைக்கிற மனிதர்தான் தன் காரில் கொண்டுவந்து இறக்கினார். இவர் சொன்ன நியாயம்: “நான் குடிக்கேல்லை. கோக்குக்குள்ள ஆரோ கலந்து தந்திட்டாங்கள்.” அந்த வசனம் எங்கள் வீட்டில் ஒரு பாத்திரம் பண்டம்போல நெடுங்காலம் பாவனையில் இருந்தது.

அபிரா பல்கலைக்கழகம் முடித்தபோது பட்டமளிப்பு விழாவுக்கு இரண்டு ரிக்கற் கிடைத்தது. ஒன்றை எனக்குத் தந்தாள். மற்றதை யாருக்கும் கொடுக்கவில்லை. மண்டபத்தில் எனக்குப் பக்கத்துக் கதிரை விழா முடியும்வரை வெறுமையாக இருந்தது. அவள் வேண்டுமென்றுதான் அப்படிச் செய்தாள். வீட்டுக்கு வந்து இவரிடம் சொன்னேன். இவர் கேட்டது ஒன்றுதான்: “கதிரை முன்வரிசையோ?” முன்வரிசைதான். அன்றைக்குக் குடியை விட்டவர். அதற்குப் பிறகு ஒரு துளி இல்லை.

இனிச் சொல்லப்போவது ஊரில் இருக்கிற உங்களுக்கு நம்பக் கஷ்டமாக இருக்கும். குடிக்கிறவனை எங்கள் சனம் மன்னிக்கும். விட்டவனைத்தான் மன்னிக்காது.

குடித்த காலத்தில் இவர் இல்லாமல் ஸ்காபரோவில் ஒரு பிறந்தநாள் விழா நடக்காது. பைலா பாடுவார், யாருடையதோ சால்வையைத் தலையில் போட்டுக்கொண்டு ஆடுவார், மேசையில் ஏறுவார், விழுவார். “நேசன் வந்தால் பாட்டுக் கோஷ்டி தேவையில்லை” என்பார்கள். எங்களுக்கு மேடைக்குப் பக்கத்து மேசை. விட்ட பிறகு எங்களுக்குத் தந்த மேசைகள் எல்லாம் சமையலறைக் கதவுக்குப் பக்கத்தில், சின்னப் பிள்ளைகளின் மேசைக்கு அடுத்தது. வெறும் சோடாவோடு இருக்கிற மனிதருக்கு முன்னால் குடிக்க அவர்களுக்குக் கூச்சமாக இருந்திருக்க வேண்டும். அந்தக் கூச்சத்தைப் பகிடியாக்கி இவர் தலையில் கொட்டினார்கள்.

எல்லாரிலும் கூடக் கொட்டியவர் என் பெரியண்ணை. விட்பியில் பெரிய வீடு, பெரிய வாகனம், பெரிய சிரிப்பு. எங்களுக்கு முதல் கனடா வந்தவர். எங்கள் கலியாணத்தைப் பேசிச் செய்து வைத்தவர். வந்திறங்கியதும் தன் வீட்டு நிலவறையில், பேஸ்மென்றில், இருக்க இடம் தந்தவர். பேஸ்மென்ற் தந்தவருக்கு முன்னால் எங்கள் ஆட்களுக்கு நாக்கு எழும்பாது. இவருக்கும் இன்றுவரை எழும்பியதில்லை. கண்டால் பெரியண்ணை முதலில் சொல்வது, “ஐயர் வந்திட்டார், ஐயருக்குப் பால் கொண்டு வாங்கோ!” என்பதுதான். இரண்டு கிளாஸ் உள்ளே போன பிறகு, “எடேய் மச்சான், நீ செத்துப்போனாய். உனக்கு ஆரும் சொல்லேல்லையோ?” என்பார். எல்லாரும் சிரிப்பார்கள். இவரும் சிரிப்பார்.

நடையைப் பற்றி மச்சாளுக்கு, அதாவது பெரியண்ணையின் மனைவிக்கு, போனில் சொன்னேன். பின்னேரமே அண்ணை கூப்பிட்டார்.

“நாங்களும் வாறம். நானும் ரெண்டு ரிக்கற் எடுத்திட்டன். அவங்கட சாராயத்தையும் ஒருக்காப் பாக்கத்தானே வேணும். அதுக்கெண்டே கார் கொண்டு வரேல்லை, ரெயினிலை வாறன்.”

3

எங்களைக் கூட்டிப்போன பெண்மணியின் பெயர் ஹருமி. என் வயதிருக்கும். மெல்லிய உடம்பு, சத்தமில்லாத சப்பாத்து, கையில் சிவப்புக் குடை. மழை இல்லை, நாங்கள் தவறிப்போகாமல் இருக்கத் தூக்கிப் பிடித்தார். எங்களோடு வேறும் ஐந்தாறு வெள்ளைக்காரப் பெடியள் பெட்டையள். ஹருமி ஆங்கிலத்தில் சொன்னதை நான் தமிழில் தருகிறேன்.

“நீங்கள் எதை விரும்பிச் சாப்பிடுவீர்கள் என்பது எனக்கு இரண்டாவது கேள்வி. எதைத் தொடமாட்டீர்கள் என்பதுதான் முதலாவது.”

மச்சாள் சனிக்கிழமைகளில் மச்சம் மாமிசம் தொடமாட்டா. அவர்களுடைய சூப் எல்லாவற்றிலும் காய்ந்த மீன்சீவல் ஊறியிருக்குமாம், கண்ணுக்குத் தெரியாதாம். ஹருமி நடுத்தெருவில் நின்று இரண்டு கடைகளுக்குப் போன் எடுத்தார். கடற்பாசி மட்டும் போட்டு வேறு சட்டியில் வைக்கச் சொன்னார், கரண்டியும் வேறு என்று சொன்னார். மச்சாளுக்குப் பெருமை தாங்கவில்லை. பிறகு இவரைப் பார்த்து, “உங்கள் மகள் சொல்லியிருக்கிறார். உங்களுக்கு எல்லா இடத்திலும் வறுத்த பார்லித் தேநீர்” என்றார்.

“பார்லித் தண்ணியோ!” என்றார் பெரியண்ணை தமிழில். “மூத்திரம் அடைச்ச ஆக்களுக்கு எங்கட டொக்டர்மார் குடுக்கிறது.”

முதல் கடையில் பச்சைத் தேநீரும், அரிசிமாவுக்குள் சிவப்புப் பயறு வைத்த ஓர் உருண்டையும் தந்தார்கள். மோதகம்தான், அவிக்கிற பானையும் பிள்ளையாரும் இல்லாத மோதகம். “உதுக்கோ இவ்வளவு தூரம் வந்தது?” என்று மச்சாள் எனக்குக் கிள்ளினா. தேநீர் ஊற்றும்போது ஹருமி அவர்கள் வழக்கம் ஒன்றைச் சொன்னார். தன் கோப்பையைத் தானே நிரப்பக்கூடாது. பக்கத்தில் இருக்கிறவர் நிரப்புவார். பக்கத்தில் இருக்கிறவரின் கோப்பை வெறுமையாகாமல் நாங்கள் பார்த்துக்கொள்ள வேண்டும்.

பெரியண்ணை கையைத் தட்டினார். “அருமையான சனம்! கேட்டியோ மச்சான், இண்டைக்கு உன்ரை கோப்பைக்கு நான் பொறுப்பு.”

இனிப்புக்குப் பிறகு இவர் தண்ணீர் கேட்டார். கண்ணாடிக் குவளையில் வந்தது. இவர் தலையை அண்ணாந்து, குவளையை உதட்டில் படாமல் ஒரு சாண் உயரத்தில் பிடித்து, ஒரே ஊற்றாய் ஊற்றினார். தொண்டை ஏறி இறங்கியது, ஒரு துளி வெளியே சிந்தவில்லை. வெள்ளைக்காரப் பெடியள் வாயைத் திறந்தபடி பார்த்தார்கள். ஹருமி, “இன்னொரு தரம் செய்து காட்டுவீர்களா?” என்று கேட்டே விட்டார்.

செய்து காட்டினார். பெரியண்ணை கண் இமைக்காமல் அந்தத் தொண்டையைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஏன் என்று எனக்குப் பிறகுதான் விளங்கியது.

4

எங்கள் வீடுகளில் எல்லாரும் இப்படித்தான் குடித்தோம், எச்சில் படக்கூடாது என்று. ஆனால் இங்கே வந்து ஒவ்வொருவராய் விட்டுவிட்டோம். பெரியண்ணை போத்தலை வாயில் கவ்வுகிறார். நான் பள்ளிக்கூடச் சமையலறையில் வேலைக்கிடையில் பைப்புக்குக் கீழே குனிந்து குடிக்கிறேன். இவர் மட்டும் விடவில்லை. சேமக்கிடங்கில் வேலை செய்த காலத்தில் கூட வேலை செய்தவர்கள் இவருக்கு ‘வாட்டர்ஃபோல்’ என்று பெயர் வைத்திருந்தார்கள்.

இவருக்கு அது ஆசாரம் இல்லை. இடம்பெயர்ந்து ஒரு பள்ளிக்கூடத்தில் கிடந்தபோது, ஒரு வகுப்பறைச் சனம் முழுவதற்கும் ஒரேயொரு செம்பு இருந்ததாம். வயிற்றோட்டம் பரவிய நேரம். வாய் வைத்தவனுக்கு அடி விழும். பக்கத்தில் பாயில் கிடந்த ஒரு சின்னப் பெட்டை அண்ணாந்து குடிக்கத் தெரியாமல் மூக்கில் ஏறித் தும்மி எல்லாவற்றையும் சிந்திவிட்டதாம். அந்தப் பிள்ளைக்கு அன்றைக்கு இரண்டாம் செம்பு கிடைக்கவில்லை. “நான் ஒரு சொட்டும் சிந்தாமல் பழகினது அந்தப் பிள்ளையைப் பாத்துத்தான்” என்று இவர் ஒருமுறை சொன்னார். அந்தச் செம்பில் இன்னொன்றும் பழகினார். யார் நீட்டினாலும் வாங்கி, பார்க்காமல், முகராமல் ஊற்றுவது. வரிசை பின்னால் நிற்கிறபோது தண்ணீரை யார் ஆராய்வார்?

இரண்டாவது கடையில் கடற்பாசி சுற்றிய சோற்று உருண்டை. உள்ளே புளித்த பழ ஊறுகாய். இவருக்குப் பிடித்துவிட்டது. “திங்கக்கிழமை நிலனுக்கு இப்பிடிச் சின்ன உருண்டையா உருட்டிக் குடுக்கலாம், உப்பில்லாமல்” என்றார். மூன்றாவது கடையில் சூப். மச்சாள் தனிச்சட்டிச் சூப்பை மணந்து பார்த்து, ஹருமியை மூன்று தரம் கேட்டு, பிறகுதான் வாயில் வைத்தா. தன் விரதத்தில் அவ்வளவு பத்திரம்.

5

நாலாவது, அரிசியில் வடிக்கிற அவர்களுடைய மதுவை ருசி பார்க்கிற இடம். சின்னக் கடை, நீளமான மரத்தட்டு, அதற்கு முன்னால் உயரக் கதிரைகள். சின்னக் கண்ணாடிக் குவளையை ஒரு சதுர மரப்பெட்டிக்குள் வைத்து, குவளை வழிந்து பெட்டிக்குள்ளும் விழும்வரை ஊற்றுகிறார்கள். அது தாராளத்தின் அடையாளமாம். மது தண்ணீரைப்போலத் தெளிந்திருந்தது. ஒவ்வொருவருக்கும் பக்கத்தில் தண்ணீரும் வைத்தார்கள், அதே அளவு, அதே கண்ணாடிக் குவளை. இவருக்குப் பார்லித் தேநீரும் தண்ணீரும்.

கடையின் மறு அந்தத்தில் வைக்கோலில் சுற்றிய ஒரு பெரிய பீப்பா இருந்தது. ஹருமி அதைக் காட்ட எல்லாரையும் கூப்பிட்டார். நானும் இவரும் போனோம். படமெடுத்தோம், கலியாண நாள் என்று ஹருமி எங்களைப் பீப்பாவுக்கு இரண்டு பக்கமும் நிறுத்தி எடுத்தார். “எனக்குக் கால் உளையுது” என்று பெரியண்ணை கதிரையிலேயே இருந்தார். மச்சாளும் பக்கத்தில் இருந்தா.

திரும்பி வந்து இருந்தோம். இவர் குவளையை எடுத்தார். தலையை அண்ணாந்தார். ஊற்றினார்.

பாதிக்கு மேல் உள்ளே போன பிறகுதான் மூக்கு சொல்லியிருக்க வேண்டும். தொண்டை ஒருமுறை நின்றது. ஆனால் சிந்திப் பழகாத தொண்டை. மிச்சமும் இறங்கிவிட்டது.

மச்சாள் வாயைப் பொத்திக்கொண்டு, “சீ, என்னப்பா நீங்கள்!” என்றா. பொத்திய கைக்குள் சிரிப்பு.

பெரியண்ணை மரத்தட்டில் அறைந்து அறைந்து சிரித்தார். “விழுங்கிட்டான்! ஒரு சொட்டுச் சிந்தேல்லை, பாத்தியளோ! மச்சான் உயிர்த்திட்டான்! எடு பாட்டை!”

இவர் குவளையைக் கீழே வைத்தார். கண்ணை மூடினார். அந்த முகத்தை நான் பார்த்தேன். வேண்டாத ஒருவர் வந்து பழைய பெயர் சொல்லிக் கூப்பிட்டதுபோல இருந்தது. கூப்பிட்ட குரல் இவருக்கு நன்றாகத் தெரிந்த குரல்.

“இனியென்ன, விரதம் முறிஞ்சுது. இதையும் எடு” என்று பெரியண்ணை தன் மரப்பெட்டியை இவர் பக்கம் தள்ளினார். பெட்டிக்குள் வழிந்தது பாதிவரை நின்றது. இவர் கண்ணைத் திறந்து அதைப் பார்த்தார்.  இவர் ஒற்றை விரலால் பெட்டியைத் திருப்பித் தள்ளினார். பிறகு சட்டைப்பையிலிருந்து போனை எடுத்தார்.

“பிள்ளை,” என்றார். “அப்பா குடிச்சிட்டன்.”

அவ்வளவுதான்.  மறுபக்கத்தில் அபிரா என்ன சொன்னாள் என்பது கேட்டது, அந்தக் கடை அவ்வளவு அமைதி. “ஓகே அப்பா. தாங்ஸ் ஃபோர் டெல்லிங் மீ.” வங்கியில் இருந்து கதைக்கிற குரல்.

நான் போனைப் பறித்தேன். “பிள்ளை, அவர் குடிக்கேல்லை. மாமாதான் தண்ணியை எடுத்திட்டு மாத்தி வைச்சவர். அப்பாக்குத் தெரியாது. இஞ்சை கூட்டிக்கொண்டு வந்த மனுசியைக் கேள் வேணுமெண்டால்...”

“அம்மா, ப்ளீஸ். ‘ஆரோ மாத்தி வைச்சிட்டினம்.’ இது எனக்கு ஏழு வயசிலை சொன்ன கதை.”

“இது உண்மை பிள்ளை!”

“இருக்கலாம். பட் இருக்கலாம் எண்டு சொல்லி என்ரை பேபியை விட ஏலாது. எனக்கு விட்னஸ் வேண்டாம், அம்மா. மண்டே காலமை வேலைக்குப் போக ஓர் இடம் வேணும்.”

அப்போதுதான் பெரியண்ணைக்கு ஏதோ உறைத்தது. கையை நீட்டினார். “இஞ்சை கொண்டா, நான் கதைக்கிறன்.” உண்மையைச் சொல்லப்போகிறார் என்று நம்பிக் கொடுத்தேன். சிரிப்பைத் துடைத்துவிட்டு, தொண்டையைச் சரிசெய்துகொண்டு, தேர்தலில் நிற்கிறவர்போலச் சொன்னார்:

“பிள்ளை, மாமா கதைக்கிறன். அப்பா பாவம், கலியாண நாள் சந்தோசத்திலை ஒரு வாய் எடுத்திட்டார். மனுசர்தானே. நீ இதைப் பெரிசாக்காதை. மாமாவுக்காக மன்னிச்சு விடு.”

பக்கத்தில் இருந்த மனிதருக்கு மன்னிப்பு வாங்கிக் கொடுத்துவிட்டுப் போனை என்னிடம் நீட்டினார். இவர் நிமிர்ந்து பார்த்தார். பேஸ்மென்ற் தந்தவர். நாக்கு எழும்பவில்லை.

ஹருமி வெறுங்குவளையை எடுத்து மணந்தார். நிறம் மாறிவிட்டது அவருக்கு. இவருக்கு முன்னால் வந்து, இடுப்பு மடியக் குனிந்து, நெடுநேரம் நிமிராமல் நின்றார். “உங்கள் குவளையை நான் பார்த்திருக்க வேண்டும்” என்றார். பிறகு பெரியண்ணைக்கு முன்னால் இருந்த போத்தலையும் பெட்டியையும் ஒன்றும் சொல்லாமல் எடுத்துக்கொண்டு போனார்.

“உவவுக்கு என்ன வந்தது?” என்றார் பெரியண்ணை. “ஒரு பகிடி விளங்காத சனம்.”

6

வீட்டுக்கு வருகிற வழியில், கென்னடி நிலையத்தில் பஸ்ஸுக்கு நிற்கும்போது கேட்டேன். “ஏனப்பா மாத்தி வைச்சவை எண்டு நீங்கள் சொல்லேல்லை?”

“எப்பிடிச் சொல்ல? அந்த வசனத்தை நான் பொய்யாய்ச் சொல்லியே தேய்ச்சு முடிச்சிட்டன். உண்மையாச் சொல்ல ஒண்டும் மிச்சமில்லை.” கொஞ்சநேரம் பஸ் வருகிற பக்கம் பார்த்தார். “நான் ஒருக்காலும் அவளுக்குச் சொல்லாத வசனம், ‘குடிச்சிட்டன்’ எண்டது ஒண்டுதான் இருந்தது.”

திங்கட்கிழமை நிலன் வரவில்லை. நான் வேலைக்கு லீவு போட்டிருந்தேன், அவன் முதல் நாள் என்று. இவர் அவித்துக் குழைத்த சோற்றை, உப்பில்லாமல், நெல்லிக்காய் அளவில் உருட்டி ஒரு தட்டில் வைத்திருந்தார். மத்தியானம்வரை அதை மூடுவதும் திறப்பதுமாக இருந்தார். பிறகு தானே சாப்பிட்டார்.

பின்னேரம் அபிராவைக் கூப்பிட்டேன். பிள்ளையை யாரிடம் விட்டாய் என்று கேட்டேன்.

“விட்பியிலை. மாமியிட்டை. பெரிய யார்ட் இருக்கு, மாமி வீட்டிலைதானே நிக்கிறா. மாமா தானே கோல் பண்ணிச் சொன்னவர், அப்பா ஓகே ஆகும்வரை தாங்கள் பாக்கிறம் எண்டு. ஹி வாஸ் சோ நைஸ்.”

 “மாமா குடிப்பார்தானே, பிள்ளை?”

“ஓம். பட் மாமா குடிச்சால் குடிச்சன் எண்டு சொல்லுவார், அம்மா.”

நான் போனை வைத்தேன். நடந்ததை வெளியில் சொன்னால் சொந்தம், ஊர், உலகம் எல்லாம் சேர்ந்து என் அண்ணையின் பகிடியைக் கேட்டுச் சிரிக்கும், என் புருசனை அதற்குள் மறுபடி மேசையில் ஏற்றும். ரஞ்சியிடம் மட்டும் சொன்னேன். அவள் ஊசியில் நூலைக் கோத்துக்கொண்டே, “சிரிச்ச ஆக்களிட்டைப் பிள்ளை போயிட்டுது, அழுத ஆக்களிட்டைத் தொட்டில் நிக்குது” என்றாள். அதையும் முடிந்து வைத்திருக்கிறேன்.

7

பெரியண்ணை எங்கள் ஊர்ப் பள்ளிக்கூடத்துக்குக் கட்டிக் கொடுத்த தண்ணீர்த் தொட்டியைத் திறந்து வைக்க அங்கே வருகிறார் என்று எழுதியிருந்தீர்கள். விழா மலருக்குத் தங்கச்சி என்ற முறையில் அவரைப் பற்றி நாலு வரி கேட்டிருந்தீர்கள். நாலு வரியில் அடக்க எனக்குத் தெரியவில்லை, கேட்டதற்கு இதை அனுப்புகிறேன். போடமாட்டீர்கள் என்று தெரியும். மாலை போடுவீர்கள், பிள்ளைகளை வெள்ளை உடுப்பில் வரிசையில் நிறுத்துவீர்கள். குழாயைத் திருகி முதல் குவளையை அவர் கையில் கொடுப்பீர்கள். அவர் பழக்கம் விட்டுப்போனாலும் படத்துக்காக ஒருமுறை அண்ணாந்து குடிப்பார், நீங்கள் கொடுத்தது தண்ணீர்தான் என்ற நிச்சயத்தோடு. நல்ல தண்ணீராகவே கொடுங்கள். அந்த நிச்சயம் எவ்வளவு பெரிய சொத்து என்று எனக்கு இப்போதுதான் தெரிகிறது.

இங்கே நிலனைப் பார்க்க நாங்கள் ஞாயிற்றுக்கிழமைகளில் போகிறோம். அபிரா தகப்பனைக் கட்டிப்பிடிக்கிறாள். ஏழு வயதில் செய்ததுபோலவே, கழுத்துக்குக் கிட்ட முகத்தை வைத்து ஒரு மூச்சு இழுத்துப் பார்த்துவிட்டுத்தான் பிள்ளையைக் கையில் கொடுக்கிறாள். இவர் அந்த மூச்சு முடியும்வரை அசையாமல் நிற்பார். எங்கள் வீட்டுப் படிக்கட்டில் சின்னக் கதவுகள் அப்படியே இருக்கின்றன. இரண்டு பேரும் காலைத் தூக்கிக் கடந்து போகிறோம்.

இவர் இப்போது அண்ணாந்து குடிப்பதில்லை. கனடாவில் இத்தனை வருடம் விடாத பழக்கம் போய்விட்டது. குவளையை வாங்கி, வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்து, மூக்கடியில் கொண்டுபோய் மணந்து, உதட்டை வைத்து ஒரு சொட்டு நக்கிப் பார்த்துவிட்டுத்தான் குடிக்கிறார். வெளியில் என்றால் பரவாயில்லை. என் குசினியில், என் கையால் பைப்பில் பிடித்துக் கொடுக்கிற தண்ணீரையும் அப்படித்தான். முதல் நாள் எனக்குக் கோபம் வந்தது. இரண்டாம் நாள் அழுகை வந்தது.

இப்போது கொடுப்பதற்கு முன் நான் ஒரு வாய் குடிக்கிறேன். உதட்டை வைத்து, இவர் பார்க்க. பிறகு அந்த எச்சில் தண்ணீரை நீட்டுகிறேன். மணந்து பார்க்காமல் வாங்கிக் குடிக்கிறார்.